வாசல் வீடியோவில் வந்தவள்

பேய் என்று யாராவது ஆரம்பித்தால் எனக்கு முதலில் வருவது எரிச்சல்தான். பயம் அதற்குப் பின்னால் வரிசையில் நிற்கும், அதன் முறை வந்ததே இல்லை. பள்ளிக்கூடத்தில் இயற்பியல் நடத்திய காலத்திலும் அப்படித்தான். அந்த வேலையை விட்டுவிட்டு 'பரிமளா டீச்சர்' என்று சேனல் ஆரம்பித்து, அழுகிற பொம்மை, கிணற்றுக்குள் கேட்கும் பாட்டு, புளியமரத்து உருவம் என்று ஒவ்வொன்றாகத் தோலை உரித்தபோதும் அப்படித்தான். திண்டுக்கல்லில் ஒரு மூக்குக்கண்ணாடிக் கடைக்கு மேலே, ஒற்றை அறையில், ஒரு கேமராவும் இரண்டு விளக்கும் வைத்துக்கொண்டு நான் நடத்தியது இந்தத் தொழில். நன்றி சொல்ல வந்தவர்களும் உண்டு, சண்டைக்கு வந்தவர்களும் உண்டு.

அப்படி வந்த எரிச்சல்களில் எல்லாம் பெரியது 'வாசல்'.

யாரோ யாருக்கோ அனுப்பி, குடும்பக் குரூப், காலேஜ் குரூப், கோயில் கமிட்டி குரூப் என்று எல்லாவற்றிலும் புகுந்துவிட்ட ஒரு வீடியோ பைல். பெயர் 'வாசல்'. திறந்தால் அரையிருட்டில் ஒரு கூடம் தெரியும். எதிரே ஒரு கதவு. கொஞ்ச நேரம் ஒன்றும் நடக்காது. பிறகு கதவு மெல்லத் திறக்கும், உங்களுக்குத் தெரிந்த ஒருவர் வந்து நிலைப்படியில் நிற்பார். ஏதோ சொல்ல வாயெடுப்பார். அத்தோடு முடிந்துவிடும். ஒவ்வொருவருக்கும் வேறு ஆள். செத்துப்போன அப்பா, பேசாமல் போன காதலி, துபாயில் இருக்கிற அண்ணன். வந்து நின்றவர் ஏற்கெனவே செத்தவராக இருந்தால் உங்களைக் கூப்பிட வந்திருக்கிறார், உயிரோடிருப்பவர் என்றால் அடுத்த அமாவாசையைத் தாண்ட மாட்டார். இதுதான் ஊரெல்லாம் பரவிய கதை.

இதற்கு ஆளாளுக்கு ஒரு பூர்வீகம் வேறு. பிணவறையில் எடுத்தது என்றான் ஒருவன். எரிந்துபோன அடுக்குமாடியில் கிடைத்த ஹார்ட் டிஸ்க் என்றான் இன்னொருவன். திறக்காதே என்று எல்லாரும் சொன்னார்கள், சொல்லிவிட்டு எல்லாரும் திறந்தார்கள். எனக்கு வயிறு எரிந்தது.

ஹபீபுல்லாதான் அதை உடைத்தான். என் கேமரா, எடிட்டிங், கணினி எல்லாமே அவன்தான். ஒரு வாரம் பைலைக் குடைந்துவிட்டு, டீக்கிளாசோடு என் முன்னால் வந்து உட்கார்ந்தான்.

"அக்கா, இதுல பேயும் இல்ல, வைரஸும் இல்ல. பைலு உடைஞ்சிருக்கு. முக்காவாசி காலி."

"உடைஞ்ச பைல் எப்படிடா ஓடும்?"

"நம்ம போன்தான் ஓட்டுது. நிரப்பி இருக்குல்ல, அது."

நிரப்பி எல்லாப் போனிலும் வந்து ஓரிரு வருடம் ஆகிறது. கரையான் அரித்த கல்யாணப் போட்டோவைக் காட்டினால் முழுசாக்கிக் கொடுக்கும். பாதியில் அறுந்த வாய்ஸ் மெசேஜை முடித்து வைக்கும். விளம்பரத்தில் ஒரு பெண் அதைப் பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொள்வாள். நானே அதைப் பாராட்டி ஒரு வீடியோ போட்டிருக்கிறேன்.

"எதை வெச்சு நிரப்புது?" என்றேன்.

"அவங்கவங்க போன்ல இருக்கறத வெச்சுத்தான். யார் மூஞ்சிய அதிகமாப் பாத்திருக்கோம், யார் பேரை அதிகமா அடிச்சிருக்கோம், எல்லாம் அதுக்கு அத்துப்படி. இங்க வாசல்ல ஒரு ஆள் வரணும், ஆளோட எடம் காலியா இருக்கு. போன் தன்கிட்ட இருக்கற ஒரு ஆளைக் கொண்டாந்து நிறுத்திருது."

"அதிகமா செத்தவங்களே வர்றாங்களே?"

"செத்தவங்க போட்டோவத்தானக்கா திரும்பத் திரும்ப எடுத்துப் பாக்கறோம்?"

அவனே தொடர்ந்தான். "இன்னொண்ணு. இதை நீங்க யாருக்கு அனுப்புனாலும் உடைஞ்ச பைலுதான் போகும். நிரப்புனது உங்க போனை விட்டு வெளிய போகாது. அதனாலதான் எவனும் இன்னொருத்தனுக்கு நிரூபிக்க முடியல, கதை வளருது."

"அப்ப ஒரிஜினல்ல வாசல்ல யாருடா வர்றது?"

ஹபீப் சிரித்தான். "மாடு. யாரோ ஒருத்தர் வீட்டு கிரகப்பிரவேசம்க்கா. பசுவை உள்ள கூட்டிட்டு வர்றாங்க."

நான் சிரித்த சிரிப்பில் கீழே கண்ணாடிக் கடைக்காரர் மாடிப்படியில் எட்டிப் பார்த்தார். மறுநாளே எல்லாவற்றையும் விளக்கி வீடியோ எடுத்து முடித்தோம். 'பேயல்ல, பசுமாடு' என்று தலைப்பு. சாயங்காலம் ஏற்றுவதாகத் திட்டம். தமிழ்நாட்டையே ஆட்டிவைத்த பூச்சாண்டியை நான் ஒருத்தி படுக்கவைக்கப் போகிறேன் என்ற மிதப்பில் மத்தியானம் சாப்பிடக்கூட இல்லை.

அந்த நேரத்தில்தான் கதிரேசன் வந்தான். முப்பது வயசிருக்கும். கஞ்சி போட்ட வெள்ளைச் சட்டை. கையில் இரண்டு போன், ஒன்று அவனுடையது, இன்னொன்று சாமி படம் ஒட்டிய உறை போட்டது.

"டீச்சர், உங்க வீடியோ எல்லாம் பாப்பேன். உங்கள விட்டா யார்கிட்டயும் கேக்க முடியாது," என்றான். "என் தங்கச்சி பவதாரணி. வீட்டை விட்டுப் போயி ஒன்றரை வருஷமாச்சு. எங்க இருக்கான்னே தெரியல. இப்ப இந்த வாசல் வீடியோல வர்றா. வந்தா ஆளு உசுரோட இருக்காதுங்கறாங்களே, நெசமா?"

எனக்கு மனசு உருகிவிட்டது. "உக்காருங்க தம்பி. மொதல்ல தண்ணி குடிங்க," என்றேன்.

சாமி படம் ஒட்டியது அவன் அம்மா சாந்தாமணியின் போன். அதில் வீடியோவை ஓடவிட்டான். கதவு திறந்தது. ஒரு பெண் வந்து நின்றாள். மூக்குக்கண்ணாடி, தொளதொள நைட்டி, வயிறு நன்றாகத் தெரிந்தது, ஏழெட்டு மாதம் இருக்கலாம். ஒரு கை வயிற்றின் மேல். அவளுக்குப் பின்னால் நீல நிறத்தில் ஒரு இரும்புக் கேட், அதற்கும் பின்னால் ஒரு தண்ணீர் டேங்க், அதில் ஏதோ ஊர்ப்பெயர் அழிந்தும் அழியாமலும். அவள் வாயெடுத்தாள், முடிந்தது.

"இதுல பயப்பட ஒண்ணுமே இல்ல தம்பி," என்று நான் வகுப்பு எடுக்க ஆரம்பித்தேன். "பைல் உடைஞ்சிருக்கு. இல்லாத எடத்தைப் போன் நிரப்புது. அவ்வளவுதான் சங்கதி."

"எங்க இருந்து எடுத்து நிரப்புது டீச்சர்?"

பதில் நாக்கு நுனியில் இருந்தது. ஆனால் டீச்சர் புத்தி போகுமா? எதையும் ஒப்பிட்டுக் காட்டித்தான் நடத்துவேன். "சொல்றேன். உங்க போன்லயும் ஒருக்கா போடுங்க, ரெண்டையும் வெச்சுப் பாப்போம்," என்றேன்.

அவன் போனில் கதவு திறந்தது. அதே பெண்தான், ஆனால் இளைத்தவளாக, ரெட்டைச் சடையோடு. பாஸ்போர்ட் போட்டோவுக்குச் சிரிப்பதுபோல ஒரு சிரிப்பு. கழுத்தில் ரோஜா மாலை. இரண்டு பக்கமும் குத்துவிளக்கு அந்தரத்தில் மிதந்தது. தலைக்கு மேலே எழுத்துகள் நெளிந்தன. ஹபீப் நிறுத்திப் பெரிதாக்கினான். 'கண்ணீர் அஞ்சலி' என்றிருந்தது.

"தம்பி, தங்கச்சி தவறிட்டாங்களா?"

"எங்களைப் பொறுத்தவரை ஆமா."

"புரியலையே."

"ஓடிப்போன அன்னிக்கே எழவு சொல்லியாச்சு டீச்சர். அம்மா, அப்பா, நான் எல்லாரும் தலைமுழுகிட்டோம். ஊர் பூரா போஸ்டர் ஒட்டுனோம். டிசைன் பண்ணிக் குடுத்தது நான்தான், அதான் என் போன்ல கெடக்கு." சாதாரணமாகத்தான் சொன்னான், மின்சாரக் கட்டணம் கட்டியதைச் சொல்வதுபோல. பிறகு அம்மாவின் போனை என் பக்கம் தள்ளினான். "இந்த நீலக் கேட்டு எந்த ஊருல இருக்குன்னு மட்டும் கண்டுபிடிச்சுக் குடுங்க. பாக்கிய நாங்க பாத்துக்கறோம்."

அப்போதுதான் ஒன்று உறைத்தது. அந்தக் கேட் எந்த ஊரில் என்று கேட்டான். அந்த வயிற்றைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. தங்கச்சி நன்றாக இருக்கிறாளா என்று கேட்கவில்லை. உயிரோடு இருக்கிறாளா என்பதை மட்டும் கேட்டான்.

அந்தப் பெண் அம்மாவுக்கு ரகசியமாகப் போட்டோ அனுப்பிக்கொண்டிருக்கிறாள். அம்மா பார்த்துவிட்டு உடனே அழித்திருக்கிறாள். மனுஷி அழித்தாலும் நிரப்பி மறக்கவில்லை. இதை நான் ஒரு வரியில் சொன்னால் போதும், இவன் நேராக வீட்டுக்குப் போய் அம்மா கழுத்தைப் பிடிப்பான், அந்த டேங்க் எந்த ஊரில் இருக்கிறது என்று தெரிந்துகொள்வான். அதற்குப் பிறகு போஸ்டரில் இருந்தது உண்மையாகிவிடும். சாயங்காலம் ஏற்ற வேண்டிய என் வீடியோவிலும் அதே வரிதான் இருந்தது, உதாரணத்தோடு.

"டீச்சர், எங்க இருந்து எடுத்து நிரப்புது?" மறுபடி கேட்டான்.

நான் ஹபீபைப் பார்த்தேன். அவன் முகமும் வெளுத்திருந்தது.

"அதுதான் தம்பி எங்களுக்கே புரியல," என்றேன். என் குரல் எனக்கே வேறு யாருடையதோ போலிருந்தது. "போன்ல இருக்கறதத்தான் நிரப்பும்னு நெனச்சோம். உங்க போன்ல போஸ்டர் இருந்துச்சு, மாலையோட வந்தா. சரி. அம்மா போன்ல இந்த வயிறு எங்கேயாவது இருக்கா? தேடிப் பாத்தீங்களா?"

"சல்லடை போட்டுச் சலிச்சுட்டேன். நல்லகாலம் பொறக்குதுன்னு சாமி படம், ரோஜாப்பூ படம். அம்புட்டுதான்."

"அப்ப இல்லாத ஒண்ணு எப்படித் தம்பி வந்துச்சு?"

ஹபீப் மெதுவாகக் கையை நீட்டினான். "அந்தப் போனைக் குடுங்கண்ணே, வயர்ல மாட்டி உள்ள என்ன இருக்குன்னு பாத்துர்றேன்." வாங்கிக்கொண்டு கணினிப் பக்கம் திரும்பி உட்கார்ந்தான். நிரப்பி இதுவரை கற்றதையெல்லாம் மொத்தமாகத் துடைக்கிறான் என்று எனக்குத் தெரியும். அதற்குக் கொஞ்ச நேரம் பிடிக்கும். அதுவரை நான் பேசியாக வேண்டும்.

பேசினேன். வாழ்க்கையில் எதையெல்லாம் கேட்டு முகம் சுளித்தேனோ அதையெல்லாம் பேசினேன். ஒரு போனில் மாலையோடு வருகிறாள், இன்னொன்றில் வயிற்றோடு வருகிறாள், இரண்டையும் சேர்த்துப் பாருங்கள் என்றேன். பிள்ளைத்தாய்ச்சியாகப் போனவள் பெற்ற வீட்டு வாசலைத் தேடித்தான் வருவாள் என்றேன். அந்த நீலக் கேட்டுக்குப் பின்னால் இப்போது யாரும் இருக்க மாட்டார்கள் என்றேன்.

"நீங்களா டீச்சர் இப்படிச் சொல்றீங்க?" என்றான். குரல் உடைந்திருந்தது.

"நான் சொல்றேங்கறதாலதான் தம்பி நீங்க கேக்கணும். இத்தனை வருஷத்துல ஒரு தடவையாவது நான் இருக்குன்னு சொல்லியிருக்கேனா?"

அந்த வாக்கியத்தைச் சொல்லும்போதே தெரிந்தது, இத்தனை வருடம் சேர்த்த நம்பிக்கையை ஒரே மூச்சில் செலவழிக்கிறேன் என்று. வேறு எதற்குச் சேர்த்தேன், போகட்டும்.

ஹபீப் போனைத் திருப்பிக் கொடுத்தான். "இப்பப் போட்டுப் பாருங்க."

கதிரேசன் ஓடவிட்டான். கதவு திறந்தது. யாரும் வரவில்லை. சாம்பல் நிறக் கோடுகள் மட்டும் நடுங்கின. மறுபடி போட்டான். மறுபடி. ஒவ்வொரு தடவையும் கதவு திறந்தது, வெறும் வாசல்.

"எங்க போனா? இப்ப இருந்தாளே?" என்றான். போனைத் தட்டினான், உதறினான். பிறகு "பாப்பா" என்றான், ரொம்பச் சின்னக் குரலில். வீட்டில் அவளைக் கூப்பிடும் பெயராக இருக்க வேண்டும். கஞ்சி போட்ட சட்டையில் முகத்தை அழுத்திக்கொண்டு அழுதான்.

எனக்கு அவன் மேல் பரிதாபம் வந்தது. பரிதாபப்பட்டதற்காக என் மேலேயே ஆத்திரமும் வந்தது. போஸ்டர் ஒட்டினபோது எங்கே போயிருந்தது இந்த அழுகை? கேட்கவில்லை. படி இறங்கும் வரை கூடவே போய் அனுப்பிவைத்தேன்.

"அப்ப சாயங்கால வீடியோ?" என்றான் ஹபீப்.

"கிடையாது."

"அக்கா, நீங்களா உண்மைய மறைக்கறது? இன்னிக்கு இல்லாட்டி நாளைக்கு வேற எவனாவது கண்டுபிடிச்சுச் சொல்லுவான். நிரப்பி கம்பெனிக்காரனும் நிறுத்தமாட்டான், அதை வெச்சுத்தான் அவன் போன் விக்கறான்."

"சொல்றவன் சொல்லட்டும். அதுவரைக்கும் எத்தனை வீட்டுல எத்தனை பொண்ணுங்க பாத்துட்டு அழிக்கறாங்களோ. ஒவ்வொரு வீட்டுலயும் ஒரு கதிரேசன் அம்மா போனைத் தூக்கிட்டுக் கெளம்புவான். வழி காட்டுனது நானா இருக்கணுமா?"

அவனே எழுந்து விளக்கைப் போட்டான். மைக்கை என் சேலையில் மாட்டிவிட்டான்.

அன்று நாங்கள் ஏற்றிய வீடியோவில் நான் சொன்னது இவ்வளவுதான். வாசலை என்னால் விளக்க முடியவில்லை. ஆராய்ந்ததில் ஒன்று மட்டும் தெரிந்தது. உன் போனில் திறந்தால் உனக்கு ஒன்றும் ஆகாது. அடுத்தவர் போனில், அதிலும் அம்மா, அக்கா, தங்கச்சி, பெண்டாட்டி போனில் எடுத்துத் திறந்தாயோ, வாசலில் வருகிறவர் திறந்தவனைத்தான் கூட்டிப் போவார். ஹபீப் பின்னால் லேசாக ஒரு மூச்சுச் சத்தம் சேர்த்திருந்தான். எனக்கே முதுகு சிலிர்த்தது.

சும்மா சொல்லக்கூடாது, காட்டுத்தீயாகப் பரவியது. திட்டும் கூடவே வந்தது. 'டீச்சருக்கே பேய் புடிச்சிருச்சு' என்று என் முகத்தில் வேப்பிலை வரைந்து படம் போட்டார்கள். என்னிடம் படித்தவள் ஒருத்தி, இப்போது பெரிய ஆராய்ச்சிக்கூடத்தில் இருக்கிறாள், "உங்களால்தான் அறிவியலுக்கு வந்தேன், வெட்கமாக இருக்கிறது" என்று எழுதினாள். பதில் எழுதி எழுதி அழித்தேன். அதுதான் ரொம்ப வலித்தது.

அந்த வாரமே சாந்தாமணியம்மாள் கூப்பிட்டார், பக்கத்து வீட்டுப் போனிலிருந்து. எடுத்ததுமே அழுகை. "டீச்சரம்மா, எம்மவ செத்துட்டான்னு நீங்க சொன்னீங்களாமே? அவன் வந்து தலையில அடிச்சுக்கிட்டு அழுவுறான். நாலு நாளா அவகிட்ட இருந்தும் ஒண்ணும் வரல. நெசமாவே போயிட்டாளா?"

இதை நான் யோசிக்கவே இல்லை. அண்ணனை ஏமாற்றப் போய் தாயின் வயிற்றில் நெருப்பை வைத்திருக்கிறேன். "பக்கத்துல யாரும்மா இருக்கா?" என்றேன்.

"யாருமில்ல. மாடியில நின்னு பேசறேன்."

"கண்ணாடி போட்டுக்கிட்டு, வயித்துல கைய வெச்சுக்கிட்டு, நீலக் கேட்டுக்கு முன்னால நின்ன போட்டோ. நீங்க பாத்துட்டு அழிச்சதுதான?"

அந்தப் பக்கம் அழுகை சட்டென்று நின்றது.

"நீங்க அழிச்சீங்க, போன் அழிக்கலம்மா. அதுதான் வாசல்ல வந்துச்சு. பேயும் இல்ல, பிசாசும் இல்ல. உங்க மக நல்லா இருக்கா. இனி அந்தப் போனுக்கு எதுவும் அனுப்பவேணாம்னு சொல்லுங்க. பாத்துட்டு அழிச்சாலும் அது மனசுல வெச்சுக்கும்."

"சரிங்க," என்றார். பிறகு, "அவன் தேடறதை விட்டுட்டான் டீச்சரம்மா. ஆனா தெனமும் அந்த வெறும் வாசலைப் போட்டுப் பாத்துக்கிட்டே கெடக்கான். அவன்கிட்ட சொல்லிரலாமான்னு வாய் வரைக்கும் வருது. பெத்த வயிறு ரெண்டு பக்கமும் இழுக்குது."

"சொல்லாதீங்கம்மா," என்றேன். வேறு என்ன சொல்ல?

அதற்குப் பிறகு செய்தி இல்லை. கோடை போய் ஒரு மழையும் பெய்தது. நேற்று மத்தியானம் என் போனில் ஒரு பைல் வந்து விழுந்தது. தெரியாத எண். 'வாசல்'. கீழே ஒரு வரி: 'டீச்சரம்மா நான் சாந்தாமணி. இது ஒளிச்சு வெச்சிருக்கற வேற போனு. திறந்து பாருங்க. ஒங்களுக்கு மட்டும்தான் அனுப்பறேன்.'

இந்தப் பைலை நான் என் சொந்தப் போனில் ஒருநாளும் திறந்ததில்லை, ஆராய்ச்சிக்கென்றே பழைய போன்கள் வைத்திருக்கிறேன். நேற்று திறந்தேன். கூடம் தெரிந்தது. கதவு திறந்தது. வந்தது நான்தான். என் போனில் என்னைத் தவிர வேறு யார் இருக்கிறார்கள்? சேலையில் மைக்கை மாட்டிக்கொண்டு வந்து நின்று, ஏதோ விளக்கம் சொல்ல வாயைத் திறந்தேன். முடிந்தது.

அந்த அம்மாளுக்கு அது தெரியாது. தன் போனில் கண்டதுதான் எனக்கும் தெரியும் என்று நினைத்து அனுப்பியிருக்கிறார். அடுத்த வரி வந்தது: 'பாத்தீங்களா. கையில வெச்சிருக்கா பாருங்க. பொம்பளப் புள்ள. அவ அண்ணன் ஜாடை. போட்டோவ ஒடனே அழிச்சிட்டேன் டீச்சரம்மா.'

எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. அடுத்த நொடியே பகீரென்றது. அழித்துவிட்டாராம். அழித்த பிறகும் வாசலில் வருகிறாளே, தாயும் பிள்ளையுமாக, பின்னால் நீலக் கேட்டும் இருக்குமே. பக்கத்து அறையில் மகன் படுத்திருப்பான். ஒரே ஒரு தடவை அந்தப் போனை எடுத்தால் போதும்.

'பாத்தேம்மா. ரொம்ப அழகு. சுத்திப் போடச் சொல்லுங்க,' என்று அடித்து அனுப்பினேன். அதையும் துடைக்க வேண்டும், உடனே அந்தப் போனை எடுத்துக்கொண்டு கண்ணாடிக் கடை மாடிக்கு வரும்படியும் எழுதினேன். பிறகு ஹபீபைக் கூப்பிட்டேன்.

"விளக்கை எடுத்து வைடா. வாசலைப் பத்தி இன்னொரு வீடியோ எடுக்கணும்."

"மறுபடியுமா? ஏற்கெனவே நம்ம மானம் போயிருச்சுக்கா."

"போனது போகட்டும். போன தடவை அந்த மூச்சுச் சத்தம் பத்தல. இந்தத் தடவை எவனும் அடுத்தவங்க போனைத் தொடவே நடுங்கணும்."